உள்ளதைச் சொன்னவள்

ஜூன் 4, புதன்

பெண்கள் சிறைக்குள் படம் எடுக்க அனுமதி கேட்டு ஒன்றரை வருடம் நடந்தேன். இன்று காலை ஒருவழியாக உள்ளே விட்டார்கள். கைப்பேசி, பர்ஸ், கைக்கடிகாரம், ஹசீனாவின் சூயிங்கம் வரைக்கும் வாசலில் வாங்கி வைத்துக்கொண்டார்கள். ஹசீனா என் ஒளிப்பதிவாளர். ஆண்களுக்கு அனுமதி இல்லை என்பதால் இந்த முறை நாங்கள் இரண்டு பேர்தான். கேமரா அவள் பொறுப்பு, ஒலியும் கேள்விகளும் என் பொறுப்பு.

ஆயுள் தண்டனைப் பெண்களைப் பற்றிய படம். பேசுவதற்கு நாலைந்து பேரைத் தேர்ந்தெடுத்து உட்கார வைத்திருந்தார்கள். எல்லோரும் குளித்துப் பொட்டு வைத்து, ஒப்பித்து வைத்ததைப் போலப் பேசினார்கள். மனசு விட்டுப்போயிற்று. பிறகு தையல் பிரிவைக் காட்டுகிறோம் என்று கூட்டிப் போனார்கள். அங்கேதான் சண்முகவடிவைப் பார்த்தேன். மெலிந்த உடம்பு, நாற்பத்திரண்டு வயது இருக்கலாம். கேமராவைப் பார்த்துக் கூச்சப்படவில்லை, தலையைத் தூக்கவும் இல்லை. தலையணை உறைக்கு விளிம்பு அடித்துக்கொண்டிருந்தாள்.

"என்ன வழக்கு?" என்றேன்.

"வீட்டுக்காரரக் கொன்ன கேசு." நூலைப் பல்லால் கடித்தாள். "நான்தாம்மா செஞ்சேன். இங்ஙன பாதிப் பேரு செய்யலன்னு சொல்லுவாவ. நானும் கோர்ட்டுல அப்படித்தான் சொன்னேன். பன்னெண்டு வருசம் ஆயிப்போச்சு, இனி யாருக்குப் பொய் சொல்ல?"

சிறையில் பார்வையாளர் சந்திப்பை 'மனு' என்கிறார்கள். மனு பார்க்க யார் வருவார்கள் என்று கேட்டேன்.

"ஒருத்தரும் வரமாட்டாவ. ஒரு பிள்ள இருக்கா. முப்பிடாதின்னு பேரு." அந்தப் பெயரை மட்டும் கேமராவைப் பார்த்துச் சொன்னாள். பிறகு மிஷினை வேகமாக மிதித்தாள்.

லாட்ஜுக்கு வந்து துணி துவைத்து ஜன்னல் கம்பியில் காயப் போட்டேன். கோயம்புத்தூருக்குப் பேசினேன். மகள் ஆதிரை டியூஷன் போயிருக்கிறாள் என்றார் அவள் அப்பா. பின்னால் அவள் பேச்சுக்குரல் கேட்டது. டிவியாகவும் இருக்கலாம்.

ஜூன் 5, வியாழன்

கரண்ட் இல்லை. படப்பிடிப்பும் இல்லை. கண்காணிப்பாளர் அம்மா அறையில் டீ குடித்துக்கொண்டிருந்தபோது ஒரு செய்தி கிடைத்தது. வடிவின் பெயர் முன்விடுதலைக்குப் போயிருக்கிறது. நடத்தையில் குறையே இல்லை. ஆனால் வெளியே போனால் ஏற்றுக்கொள்ள ஆள் வேண்டும். நன்னடத்தை அலுவலர் மகளிடம் போய்க் கேட்பார். "அந்தப் பொண்ணு நான் பார்த்துக்கறேன்னு ஒரு வார்த்தை சொன்னா போதும்மா" என்றார். "ஆனா சொல்லாது. நாங்க எழுதின எதுக்கும் பதில் வந்ததில்ல."

அம்மாவும் மகளும் சந்திக்கும் காட்சி. அப்போதே என் தலைக்குள் அது ஓடத் தொடங்கிவிட்டது. மறைக்க ஒன்றுமில்லை, அதுதான் என் தொழில்.

ஜூன் 7, சனி

இன்று வடிவு பேசினாள். கிணற்றடி வேப்பமரத்துக்குக் கீழே உட்காரவைத்து எடுத்தோம். ஒரு கேள்விதான் கேட்டேன். அதன் பிறகு நான் வாயே திறக்கவில்லை.

"அவரு கொத்தனாரு வேலை. குடிக்காத நாளு நல்லவருதான். அந்த நாளு கம்மி. அன்னைக்கு அம்மிக்குழவிய எடுத்துப் பொறத்தால இருந்து அடிச்சேன். ஒரே அடிதான். பிள்ள பாத்துட்டா. ஏழு வயசு அவளுக்கு.

"சர்க்காரு குடுத்த வக்கீலு, நீ செய்யவே இல்லன்னு நில்லு, வேற வழி இல்லன்னாரு. நின்னேன். எம் பிள்ளையச் சாட்சிக்குக் கொண்டாந்தாவ. உயரம் எட்டலன்னு ஸ்டூலு போட்டு ஏத்துனாவ. அப்பாவ யாரு அடிச்சான்னு கேட்டாவ. அம்மான்னா. அம்புட்டுதான் கேள்வி. எதுக்கு அடிச்சான்னு ஒருத்தரும் கேக்கல.

"அப்பொறம் எங்க வக்கீலு எந்திரிச்சாரு. பெரியப்பா சொல்லிக் குடுத்ததத்தான ஒப்பிக்க, பொய்தான சொல்லுதன்னு திருப்பித் திருப்பிக் கேட்டாரு. அவ அழல. திரும்பி என்னயப் பாத்தா. நான் உள்ளதத்தானம்மா சொல்லுதேன்னு கேக்குத மாதிரி இருந்துச்சு. நான் குனிஞ்சுக்கிட்டேன்."

மூக்கைச் சிந்தித் துடைத்துக்கொண்டு, "அவளப் பாத்தீயன்னா ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க. நீ சொன்னது சரிதான், அம்மாதான் பொய் சொன்னேன்னு சொல்லுங்க. அது போதும்" என்றாள்.

ஹசீனா கேமராவை அணைத்தாள். வடிவு அந்தச் சிவப்பு விளக்கு அணைந்துவிட்டதா என்று எட்டிப் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தி மீதியைச் சொன்னாள். அன்றைக்கு அந்த ஆள் குடித்துவிட்டு வந்தபோது பிள்ளை ஏதோ ஒரு பாட்டிலைத் தட்டிவிட்டிருக்கிறாள். அவளைத் தூக்கிக்கொண்டு போய்ப் புறவாசல் தண்ணீர்த் தொட்டிக்குள் தலையை அமுக்கிப் பிடித்திருக்கிறான். வடிவு இழுத்துப் பார்த்திருக்கிறாள், அடித்துப் பார்த்திருக்கிறாள். விடவில்லை. பிள்ளையின் கால் உதறல் நின்றுபோனது. அப்போதுதான் கைக்குக் கிடைத்தது குழவி.

"அவளுக்கு அது ஞாபகம் இல்ல. மயக்கம் தெளிஞ்சு பாத்தப்ப அவ கண்ணுல பட்டது நானும் குழவியும்தான். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகவும் நேரமில்ல, அதுக்குள்ள ஊரு கூடிட்டு. யம்மா, இத மட்டும் அவகிட்ட சொல்லிராதீய. அவளுக்கு அப்பன்னா உசுரு. அந்த நெனப்பாவது இருந்துட்டுப் போகட்டும்."

சரி என்றேன்.

ஜூன் 9, திங்கள்

சென்னை. கேஸ் தீர்ந்துவிட்டது. சிலிண்டருக்குப் பதிவு செய்தேன். இரண்டு நாள் துணியை ஆதிரையின் அறையில் காயப் போட்டிருக்கிறேன். ஹாலில் வெயில் வருவதில்லை, வேறொன்றும் இல்லை.

எடுத்ததை எல்லாம் ஹசீனாவோடு உட்கார்ந்து பார்த்தேன். "அக்கா, தொட்டி விஷயம் இல்லாம இந்தக் கதை யாருக்குப் புரியும்?" என்று அவளேதான் முதலில் சொன்னாள். பிறகு அவளே, "ஆனா சொல்லாதீங்கன்னு கேட்டாங்கல்ல" என்றாள்.

ஒரு பெண்ணுக்குத் தன் வாழ்க்கையில் என்ன நடந்தது என்று தெரிந்துகொள்ள உரிமை இல்லையா என்று கேட்டேன். அவள் அடுத்த காட்சியை ஓடவிட்டாள்.

போன வருடம் ஆதிரையிடம் அவள் அப்பாவைப் பற்றி நான் சொன்னது நடந்தது நடந்தபடிதான். ஒரு வார்த்தை கூட்டவில்லை. அவர் தொடர்பு வைத்திருந்த பெண்ணின் பெயர், எந்த ஊர், எத்தனை நாளாக, எல்லாம் உண்மை. அவள் பெட்டியைக் கட்டிக்கொண்டு அவரிடமே போனது பதினான்கு வயதுக் குழப்பம். அதற்கும் நான் சொன்னதற்கும் சம்பந்தம் இல்லை.

ஜூன் 14, சனி

கோவில்பட்டி. முப்பிடாதி ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்க்கிறாள். பெரியப்பா வளர்த்திருக்கிறார். பள்ளியில் சேர்க்கும்போதே பெயரை மாற்றிவிட்டார். கடையில் எல்லோருக்கும் அவள் ப்ரீத்தி.

என் கண்ணாடியின் கால் தளர்ந்திருந்தது நல்லதாகப் போயிற்று. திருகாணியை முடுக்கித் துடைத்து அவளே என் முகத்தில் மாட்டி, "காதுப் பக்கம் உறுத்துதா மேடம்?" என்று கேட்டாள். வடிவின் மேலுதடு அப்படியே இவளுக்கு. நான் யார் என்று சொன்னேன். அவள் கை அந்த இடத்திலேயே நின்றுவிட்டது.

சாப்பாட்டு இடைவேளையில் பக்கத்து டீக்கடைக்கு வந்தாள். கேமரா வேண்டாம் என்றாள். ஹசீனா காரிலேயே இருந்தாள்.

"நீ சொன்னது சரிதான், நான்தான் பொய் சொன்னேன்னு உங்கம்மா சொல்லச் சொன்னாங்கம்மா."

"அது எனக்குத் தெரியாதாக்கா? நான்தான் பாத்தேனே." கோபம்கூட இல்லை அவள் குரலில். "அந்த வக்கீல் என்னயப் பொய்க்காரின்னு சொன்னப்ப அவங்க கீழ குனிஞ்சுக்கிட்டாங்க. அத்தோட முடிஞ்சு போச்சு. நேத்து ஆபிசர் ஒருத்தர் வந்தாரு. அம்மாவ ஏத்துக்கிடுதியான்னு கேட்டாரு. யோசிச்சுச் சொல்லுதேன்னேன். யோசிக்க ஒண்ணுமில்ல, மொகத்துக்கு நேரா முடியாதுன்னு சொல்லக் கஷ்டமா இருந்துச்சு."

தன் கைப்பேசியைத் திறந்து காட்டினாள். திரையில் மீசை வைத்த ஓர் ஆள், தோளில் ஒரு குழந்தை. "எங்கப்பா. கோயில் கொடைக்கு என்னய இப்படித்தான் தூக்கிட்டுப் போவாங்க. வீட்டுச் சொவத்துல மாட்டியிருக்க படத்தப் பாத்து எடுத்தது. எனக்கு இருக்கது இது ஒண்ணுதான்."

டீ ஆறிப்போயிருந்தது. அவள் எழுந்துவிட்டாள். இன்னும் ஒரு நிமிடத்தில் கடைக்குள் போய்விடுவாள், பிறகு யாராலும் அவளைத் திரும்பக் கூட்டிவர முடியாது என்று தோன்றியது. பேச்சுவாக்கில் வந்துவிட்டது. தொட்டியைப் பற்றிச் சொன்னேன்.

அவள் மறுபடி உட்கார்ந்தாள். முழுவதையும் கேட்டாள். கைப்பேசித் திரை தானாக அணையும் வரை அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இத நீங்க ஏன்க்கா எங்கிட்ட சொல்லுதீங்க?"

உன் அம்மாவுக்காக என்றேன்.

ஜூன் 15, ஞாயிறு

பத்து மணி நேரக் கார்ப் பயணம். ஹசீனா என்னோடு பேசவில்லை.

ஜூன் 24, செவ்வாய்

முப்பிடாதி பேசினாள்! வெள்ளிக்கிழமை மனு பார்க்க வருகிறாளாம். வீட்டில் அப்பா படத்தைக் கழற்றிவிட்டாளாம், பெரியப்பாவோடு பெரிய சண்டையாம். குரல் கம்மியிருந்தது. சளி என்றாள்.

நான் சொன்னேனே என்று ஹசீனாவுக்குச் செய்தி அனுப்பினேன். 'சரிக்கா' என்று மட்டும் பதில் வந்தது. மாலையில் கீழே போய் ஒரு டஜன் மாம்பழம் வாங்கினேன். இத்தனையை யார் சாப்பிடுவது என்று பிறகுதான் உறைத்தது. எதிர் வீட்டில் பாதி கொடுத்தேன்.

ஜூன் 27, வெள்ளி

மனு அறைக்குள் கேமராவுக்கு அனுமதி இல்லை. சிறை வாசலில் அவள் உள்ளே போவதையும் வெளியே வருவதையும் எடுத்தோம். முன்பு பார்த்த பெண்ணே இல்லை. கன்னம் ஒட்டி, கண்ணுக்குக் கீழே கருத்து, எண்ணெய்ப் பிசுக்கேறிய தலையை அள்ளி முடிந்திருந்தாள். பயணக் களைப்பு என்று நினைத்தேன்.

வெளியே வந்தவள் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். ஹசீனா அதை எடுத்தாள். நான்தான் எடுக்கச் சொன்னேன்.

"ஆபிசர்கிட்ட சொல்லிட்டேன்க்கா. அம்மாவ நான் வச்சுக்கிடுதேன்னு சொல்லிட்டேன். எனக்காகத்தான இம்புட்டு வருசம் உள்ள கெடந்தாங்க."

"அம்மா என்ன சொன்னாங்க?"

"என்னயவே பாத்துக்கிட்டு இருந்தாங்க. ஏன் இப்படி இருக்கன்னு கேட்டாங்க. சொன்னேன். எல்லாம் ஞாபகம் வந்துட்டுக்கா. தலைக்குத் தண்ணி ஊத்துனா மூச்சு முட்டுது. அந்தக் கை, இங்க..." பிடரியைத் தொட்டுக் காட்டினாள். "மேலுக்கு மட்டும் துணிய நனச்சுத் தொடச்சுக்கிடுதேன். முகம் கழுவக்கூட முடியல."

நல்ல டாக்டரைப் பார்க்கலாம், சரியாகிவிடும் என்றேன். அம்மா வந்தால் எல்லாம் சரியாகிவிடும் என்றும் சொன்னேன்.

மாலையில் எங்களுக்கு உள்ளே அரை மணி நேரம் கிடைத்தது. வடிவு தையல் பிரிவில் இருந்தாள். ஓடி வருவாள் என்று நினைத்திருந்தேன். அவள் எழுந்திருக்கவில்லை.

"சொல்லாதீயன்னு சொன்னேம்லா" என்றாள்.

அவ்வளவுதான் சொன்னாள். ஆனால் படத்துக்கு முடிவு கிடைத்துவிட்டது. போகப்போக அவளுக்கே புரியும்.

ஜூலை 4, வெள்ளி

இன்று இரண்டாவது மனு. முப்பிடாதி வெளியே வந்தாள். எங்களைப் பார்த்தாள். நிற்கவில்லை. ரோட்டைக் கடந்து ஆட்டோவில் ஏறிப் போய்விட்டாள். கூப்பிட்டேன், எடுக்கவில்லை.

ஜூலை 5, சனி

காலையில் அவளே கூப்பிட்டாள். நான் ஃப்ரிட்ஜைக் கழுவிக்கொண்டிருந்தேன்.

"அக்கா, உங்கமேல கோவமில்ல. நீங்களும் ஏமாந்துதான் போயிருக்கீங்க."

என்ன சொல்கிறாள் என்று புரியவில்லை.

"அப்படி ஒண்ணும் நடக்கவே இல்லயாம். அம்மாவே சொல்லிட்டாங்க. வெளிய வரணும்ங்கிற ஆசையில, படம் எடுக்கவங்களுக்கு எரக்கம் வரட்டும்னு இட்டுக்கட்டிச் சொன்னேன்னாங்க. எம்மேல சத்தியம் பண்ணுனாங்க. பைசா தரலன்னு சண்டையாம், அதுல அடிச்சுட்டாங்களாம்."

"அந்தத் தண்ணி? உனக்கே ஞாபகம் வந்ததே?"

"அது நான் சின்னப் பிள்ளையில கொளத்துல வழுக்கி விழுந்தது. அதத்தான் நான் கொழப்பிக்கிட்டேனாம்." அவள் சத்தமாக அழ ஆரம்பித்தாள். அப்படி ஓர் அழுகையை நான் கேட்டதில்லை, சிரிப்பும் அதில் கலந்திருந்தது. "அப்பாதான்க்கா குதிச்சு என்னயத் தூக்குனாங்களாம். பிடரியப் பிடிச்ச கை, எங்கப்பா என்னயத் தூக்குன கைக்கா. அப்பாவப் போயி நான்... படத்தக் கழத்திப் போட்டுட்டேனே."

கொஞ்ச நேரம் கழித்து, "இப்ப மாடியில நின்னுதான் பேசுதேன். ஈரத்தலை காயுது" என்றாள். பிறகு, இனி அந்த அம்மாவைப் பார்க்கப் போவதில்லை என்றும், அலுவலரிடம் முடியாது என்று சொல்லிவிட்டதாகவும், தன்னை யாரும் கூப்பிட வேண்டாம் என்றும் சொன்னாள்.

இல்லை, அவள் பொய் சொல்கிறாள், உன்னைக் காப்பாற்றப் பொய் சொல்கிறாள் என்று சொல்ல வாயெடுத்தேன். அவள் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. வெயிலில் நின்றுகொண்டிருக்கிறாள்.

"சரிம்மா" என்றேன்.

ஜூலை 6, ஞாயிறு

ஆதிரைக்கு ஒரு செய்தி எழுதினேன். அழித்தேன். மறுபடி எழுதி, மறுபடி அழித்தேன். என்ன எழுதினேன் என்பதை இங்கே எழுதப் போவதில்லை.

ஜூலை 10, வியாழன்

கண்காணிப்பாளர் அம்மா பேசினார். மகள் மறுத்துவிட்டதால் வடிவின் பெயரை இந்த முறை நிறுத்திவிட்டார்களாம். அடுத்தது எப்போது என்று கேட்டேன். "யாராவது ஏத்துக்கறேன்னு வரணுமேம்மா" என்றார்.

வடிவு படத்திலிருந்து விலகிக்கொள்வதாகவும் சொல்லியிருக்கிறாள். அதற்காக ஒருமுறை நேரில் வந்து போகச் சொன்னார்.

ஜூலை 12, சனி

ஹசீனா வரவில்லை. கேமரா இல்லாமல் முதல் தடவையாக உள்ளே போனேன். வேப்பமரத்தடியில் வடிவு எனக்கு முன்னாலேயே வந்து உட்கார்ந்திருந்தாள்.

"கோவமா இருக்கீயளா?" என்றாள். அதைக் கேட்க வேண்டியவள் நான்.

"எது உண்மை வடிவு?"

"உங்ககிட்ட சொன்னதுதான்." சுற்றிலும் பார்த்துக்கொண்டாள். "எம் பிள்ளய இந்தக் கையாலதான் தொட்டிக்குள்ள இருந்து தூக்குனேன். வாயில இருந்து தண்ணி வந்துச்சு."

"அப்புறம் எதுக்கு இப்படி? உங்க விடுதலை கைக்கு வந்துருச்சு. அவளும் வந்துட்டா. இன்னும் ரெண்டு மாசத்துல..."

"அவ வந்தாளா? நீங்க பாத்தீயளா அவள?" குரல் முதல் தடவையாக உயர்ந்தது. "கம்பிக்கு அந்தப் பக்கம் நின்னுக்கிட்டு, தண்ணியப் பாத்தா பயமா இருக்கும்மாங்கா. ஏழு வயசுப் பிள்ள மாதிரி சொல்லுதா. அன்னைக்கு அவள அதுக்குள்ள இருந்து வெளிய எடுத்ததுக்குத்தான நான் இங்ஙன இருக்கேன்? திரும்ப உள்ள தள்ளிவிட்டுட்டு நான் வெளிய வந்து என்ன செய்ய?"

வடிவு முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"கொளம்னு சொன்னப்ப மொதல்ல நம்பல. பொய்யிதான சொல்லுதீயன்னு கேட்டா. அவரு குதிச்ச எடம், நனஞ்ச சட்ட, அன்னைக்கு வாங்கிக் குடுத்த சேவு வரைக்கும் சொன்னேன். ராத்திரியெல்லாம் உக்காந்து யோசிச்சு வச்சிருந்தேன். கோர்ட்டுல பொய் சொல்லத் தெரியல எனக்கு. இதுக்கு வந்துட்டு." சிரிக்கப் பார்த்தாள், முடியவில்லை. "கடைசியில, நீயெல்லாம் ஒரு அம்மாவான்னு கேட்டுட்டுப் போனா. நடை திடமா இருந்துச்சு. வந்தப்ப தள்ளாடிக்கிட்டு வந்தவ, போகும்போது நல்லா நடந்து போனா."

மன்னித்துவிடுங்கள் என்று சொல்லத்தான் வந்திருந்தேன். அந்தச் சொல்லை வைத்துக்கொண்டு அவள் என்ன செய்வாள் என்று தோன்றியது. சொல்லவில்லை. கையெழுத்துப் போடும் இடத்தைக் காட்டினேன், போட்டாள்.

"என் மூஞ்சிய எங்கயும் போட்டுராதீய. அவ பாத்தா மறுபடி யோசிப்பா."

"போடமாட்டேன்."

வார்டர் அம்மா தூரத்திலிருந்து கை காட்டினார். வடிவு எழுந்து சேலையை உதறிக்கொண்டாள். இரண்டு அடி போனவள் திரும்பி வந்தாள்.

"அவ உங்ககிட்ட பேசுனாளா?"

"போன சனிக்கிழமை பேசினா."

"தலைக்குக் குளிச்சாளாம்மா?"

"குளிச்சிட்டு, மாடியில வெயில்ல நின்னு முடியக் காய வச்சுக்கிட்டேதான் எங்கிட்டப் பேசினா" என்றேன்.

வடிவு இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். வார்டர் அம்மா வேகமாக வந்தார். பக்கத்தில் வந்ததும் அவரும் நின்றுவிட்டார். நான் வடிவின் தோளைத் தொட்டேன். அவள் என் கையைத் தள்ளிவிடவில்லை. பொத்திய கைக்குள்ளிருந்து, "போதும்மா, போதும், போதும்" என்று சொல்லிக்கொண்டே இருந்தாள்.